ஏலம் கேட்காத ஊர்

ஆனி மாதக் கடைசியில் சௌந்திரமும் அவள் புருஷன் மணியனும் இரண்டு ஏக்கர் கிணற்றுக்காட்டை வாங்கினார்கள். விற்றவன் அவளுடைய கூடப்பிறந்த அண்ணன் மயில்சாமி. பணம் முழுவதையும் கையில் கொடுத்துவிட்டு அந்த வாரமே ஏர் பூட்டி நிலக்கடலை விதைத்தார்கள். பத்திரம் மட்டும் பதியவில்லை. ஆடி பிறக்க இருந்தது; ஆடியில் யாராவது கிரயம் பண்ணுவார்களா? ஆவணியில் நல்ல நாள் பார்த்துக்கொள்ளலாம் என்று சொன்னவள் சௌந்திரம்தான். அண்ணன் தங்கைக்குள் ஒப்பந்தம் எழுதுவது அசிங்கம் என்று சொன்னவன் மயில்சாமி. எங்கள் பக்கத்தில் யாராக இருந்தாலும் அப்படித்தான் செய்திருப்பார்கள், நானும்தான்.

மயில்சாமி கடனுக்கு ஒரு லாரி வாங்கி, அதைத் தொப்பூர் இறக்கத்தில் கவிழ்த்தவன். லாரிக்குக் கடன் கொடுத்த வெங்கடாசலம் கோர்ட்டுக்குப் போய்த் தீர்ப்பு வாங்கி வைத்திருந்தான். ஆடியில் கோர்ட்டு ஆள் அமீனா வந்தார். தமுக்கு அடித்து, பனைமரத்தில் காகிதம் ஒட்டி, மயில்சாமியின் காடு ஜப்தி என்று அறிவித்தார்.

"இது எங்க காடுங்க! நாங்க வாங்கிட்டமுங்க!" என்று சௌந்திரம் வரப்பில் ஓடினாள்.

"அதைக் கோர்ட்டுல சொல்லும்மா" என்று அவர் சைக்கிளில் ஏறிப் போய்விட்டார்.

ஆவணியில் பத்திரத்தைப் பதிந்துகொண்டு, காடு எங்களுடையது, ஏலம் போடக் கூடாது என்று நாமக்கல் கோர்ட்டில் மனுப் போட்டார்கள். வக்கீல் நல்ல மனுஷன், ஆனால் கேட்ட கேள்வி ஒன்றுதான்.

"ஆனியிலயே வாங்கினதுன்னு எதை வச்சும்மா காட்டறது?"

"காட்டுல கடலை நிக்குதுங்களே?"

"கடலையை யார் வேணும்னாலும் விதைக்கலாமேம்மா."

மயில்சாமி கூண்டில் ஏறி, ஆனியிலேயே விற்றுவிட்டேன் என்று அழாத குறையாகச் சொன்னான். அதுவே வினையாகிப் போனது. கடன்காரன் தன் தங்கச்சிக்காகப் பொய் சொல்லாமல் யாருக்காகச் சொல்வான் என்று எதிர் வக்கீல் சிரித்தார். பத்திரம் ஜப்திக்குப் பிந்தியது, வாங்கியவள் கூடப்பிறந்தவள், எழுத்து ஒன்றும் இல்லை, மனு தள்ளுபடி. ஊரான் வீட்டுக் காட்டை வாங்கியிருந்தால்கூடக் கொஞ்சம் நம்பியிருப்பார்களோ என்னவோ. கூடப்பிறந்த பாவத்துக்கு இவள் பொய்க்காரி ஆனாள்.

ஏலத்துக்கு நாள் குறித்ததும் மணியன் படுத்துவிட்டான். சோறு இறங்கவில்லை. "அரளி விதை கிடந்தாக் கொண்டா சௌந்திரம்" என்று ஒரு நாள் சாதாரணமாகச் சொன்னான், வெற்றிலை கேட்கிற மாதிரி.  அவள் அப்போதே மறுபடி வக்கீலிடம் ஓடினாள். அப்பீல் போடக் காசில்லை. வேறு வழியே இல்லையா என்று கேட்டதற்கு, "கேக்க ஆளே வரலைன்னா அன்னைக்கு ஏலம் தள்ளிப் போகும், அவ்வளவுதான்" என்றார் அவர்.

அது போதும் அவளுக்கு. மூழ்குகிறவளிடம் துரும்பு எத்தனை நீளம் என்று யார் கேட்கச் சொல்வது?

வெள்ளிக்கிழமை ஊர் மாரியம்மன் கோயிலுக்கு எல்லோரையும் வீடு வீடாகப் போய்க் காலில் விழுந்து கூப்பிட்டாள். தட்டில் கற்பூரம் ஏற்றி ஒவ்வொருவர் முன்னாலும் நீட்டினாள். "எங்க காட்டை யாரும் ஏலம் கேக்கறதில்லைன்னு அணைச்சுச் சத்தியம் பண்ணுங்க சாமி." பக்கத்து ஊர்க்காரர்கள்கூட வந்திருந்தார்கள். ஒருவர் பின் ஒருவராக உள்ளங்கையால் அடித்து அணைத்தார்கள். அவளும் சலிக்காமல் திரும்பத் திரும்ப ஏற்றினாள்.

அடுத்த காட்டுக்காரர் நாச்சிமுத்து மட்டும் கையை நீட்டவில்லை. "அம்மிணி, ஒரு வார்த்தை சொல்றேன், கேளு."

"ஒன்னும் சொல்ல வேண்டாங்கண்ணா. மொதல்ல அணைங்க."

"இல்ல அம்மிணி, நான் என்ன சொல்ல வாரேன்னா..."

"உங்களுக்கும் எங்க காட்டு மேல கண்ணுங்களா?" என்று அவள் கத்திவிட்டாள். ஊரே திரும்பிப் பார்த்தது. நாச்சிமுத்து முகம் சுண்டிப் போய்க் கற்பூரத்தை அணைத்தார்.

ஏலத்தன்று கோர்ட்டு வளாகத்தில் ஊரே நின்றது. கேட்பதற்கல்ல, கேட்காமல் இருப்பதற்கு. அமீனா காட்டின் எல்லைகளைப் படித்து, கேட்கிறவர்கள் கேட்கலாம் என்றார். ஒரு வாய் திறக்கவில்லை. சௌந்திரத்துக்கு எத்தனையோ மாதத்துக்குப் பிறகு மூச்சு சீராக வந்தது.

அப்போது வெங்கடாசலத்தின் வக்கீல் முன்னால் வந்தார். கடன் கொடுத்தவரே கேட்க கோர்ட்டு அனுமதி வாங்கியாயிற்று என்று ஒரு காகிதத்தைக் கொடுத்தார். கோர்ட்டு போட்டிருந்த அடிமட்ட விலை எதுவோ அதையே வெங்கடாசலம் சொன்னான். ஒரு ரூபாய் கூடச் சேர்க்கவில்லை. எதற்குச் சேர்க்க வேண்டும்?

"ஒரு தரம்" என்றார் அமீனா.

சௌந்திரம் கூட்டத்துக்குள் பாய்ந்து நாச்சிமுத்துவின் கையைப் பிடித்தாள். "அண்ணா, நீங்க கேளுங்கண்ணா! சத்தியத்தை நான் உட்டுட்டனுங்க, பாவம் எனக்கு வரட்டுங்க, கேளுங்க!"

"ரெண்டு தரம்."

நாச்சிமுத்து மற்றக் கையால் தலையில் அடித்துக்கொண்டார். "பருத்தி வித்த காசை உனக்குன்னுதான் வச்சிருந்தேன் அம்மிணி. நான் ஏலத்துல எடுத்து உங்ககிட்டயே உட்டர்றது, நீங்க ஓட்டிக்கிட்டு மெல்லக் குடுக்கறதுன்னு. அதைத்தான் அன்னைக்குச் சொல்ல வந்தேன். சத்தியம் பண்ணுனப்புறம் அந்தக் காசு எதுக்குன்னு கோழிக்கு ஷெட்டுப் போடக் குடுத்துட்டேன். இப்பக் கையில ஒன்னுமில்ல சாமி."

மூன்றாம் தரமும் சொல்லியாயிற்று. காடு வெங்கடாசலத்துக்குப் போனது. விலை கடனுக்குப் போதவில்லை. மீதிக்கு மயில்சாமியின் வீடு இருக்கிறது.

கூட்டம் கலைந்தது. தள்ளிப்போக வேண்டிய ஏலம் எப்படி முடிந்துபோனது என்று பாதிப்பேருக்குப் புரியவேயில்லை. அவர்களுக்குத் தெரிந்ததெல்லாம், வாக்கைக் காப்பாற்றிவிட்டோம் என்பதுதான். எதிர்வீட்டுக் குப்பாயி சௌந்திரத்தின் பக்கத்தில் வந்து தோளைத் தொட்டாள்.

"பாத்தியா அம்மிணி, அம்மன் சத்தியமா எங்கள்ல ஒருத்தர் வாயத் தொறக்கலை."

அவள் முகத்தில் அத்தனை நிறைவு. சௌந்திரம் அந்த முகத்தையே பார்த்தாள்.

"ஆமாங்க" என்றாள்.