சூடான கை

ஜனவரியில் உடப்புசல்லாவைத் தேயிலைத் தோட்டத்தில் குழாய்த் தண்ணீரைத் தொட்டால் விரல் மரத்துப்போகும். அதனால், வேலைக்குப் போகிறவர்கள் பிள்ளைகளை விட்டுப்போகும் பிள்ளைக்காம்பராவைக் காலையில் திறந்ததும் என் முதல் வேலை, பால் காய்ச்ச அடுப்பை மூட்டுவது. இரண்டாவது, சூடான கேத்தலைக் கட்டிப்பிடித்துக்கொண்டு உட்காருவது. பதினைந்து பிள்ளைகளின் பீத்துணி அலசுகிறவளுக்கு அந்தச் சுகமாவது வேண்டாமா?

அன்று நிலக்ஷி மழையில் நனைந்துகொண்டு, பத்து மாதப் பிள்ளையைத் தூக்கி வந்தாள். வந்தவள் சட்டென்று என் மணிக்கட்டைப் பிடித்தாள். செத்த மீனைத் தொட்டதுபோல் இருந்தது. அந்த நொடியே அவளை எனக்குப் பிடிக்காமல் போய்விட்டது.

“ஜீவராணி அக்கா, பூரணிக்கு மேலு கொதிக்குதுக்கா. காச்சல்னு ஒரு துண்டு எழுதிக் குடுங்க. டிஸ்பென்சரிக்குத் தூக்கிட்டுப் போயிர்றேன்.”

நான் துண்டு எழுதிக் கொடுக்காமல் கங்காணி யாரையும் வேலையிலிருந்து விடமாட்டார். தர்மாமீட்டர் போன வருடமே உடைந்துவிட்டது. அதற்குப் பிறகு எல்லாவற்றுக்கும் என் கைதான். கேத்தலிலிருந்து கையை எடுத்துப் பிள்ளையின் நெற்றியில் வைத்தேன். சூடே தெரியவில்லை. சொல்லப்போனால் குளுகுளுவென்றுதான் இருந்தது.

“காச்சலும் இல்ல, ஒண்ணும் இல்ல. ஒன் கை ஐஸ் மாதிரி இருக்கு. எதத் தொட்டாலும் ஒனக்கு நெருப்பாத்தான் தெரியும்.”

பிள்ளைகளை விட வந்து பின்னால் நின்ற பெண்கள் சிரித்தார்கள். எனக்கும் சந்தோஷமாக இருந்தது, பொய் சொல்வானேன்.

“பால் குடிக்கலக்கா. கண்ணத் தொறக்க மாட்டேங்கிறா.”

“மழையில கொழுந்தெடுக்க ஒனக்குச் சோம்பல். அதுக்குப் புள்ள மேல சாக்குச் சொல்றியா? போ, பெரட்டுல பேர் கூப்பிட நேரமாச்சு.”

பிள்ளையை என் மடியில் வைத்துவிட்டுப் போனாள். வாசல்வரை திரும்பித் திரும்பிப் பார்த்தாள்.

பத்து மணிக்குப் பால் போத்தல்களைக் குழாயில் கழுவினேன். ஈரக் கையோடு பூரணியைப் புரட்டிப் படுக்கவைக்கப் போனவள், வெடுக்கென்று கையை இழுத்துக்கொண்டேன். சுட்டது.

கூப்பிட்டால் கேட்கும் தூரத்தில்தான் நிலக்ஷி கொழுந்து எடுத்துக்கொண்டிருந்தாள். ஆனால் கூப்பிட்டால் அத்தனை பேர் முன்னால் அவள் சொன்னதுதான் சரி என்றாகிவிடும். நாளைக்கு ஒவ்வொருத்தியும் என்னை எதிர்த்துப் பேசுவாள். என் கை குளிர்ந்திருக்கிறது, அதனால்தான் அப்படித் தெரிகிறது என்று சொல்லிக்கொண்டேன். நான் அதை நம்பவில்லை.

அடுப்படிக்குப் போய் இரண்டு கைகளையும் கேத்தலில் வைத்தேன். பொறுக்க முடியாதவரை எடுக்கவில்லை. திரும்பி வந்து நெற்றியைத் தொட்டேன்.

காய்ச்சல் இல்லை.

போர்வைக்குள் பிள்ளையின் கால் ஒருமுறை வெட்டி இழுத்தது. பிறகு இன்னொரு முறை. நான் போர்வையின் ஓரங்களை இறுக்கிச் செருகினேன்.