மூச்சுக் குறிகள்

எங்கள் வீட்டுச் சாப்பாட்டு மேஜையில் சாப்பிட்டதைவிட நான் எழுதியதுதான் அதிகம். என் கணவர் சினிமாப் பாட்டுகளுக்கு வாத்தியக் கோர்வை எழுதுகிறவர். இசையமைப்பாளர் மெட்டைக் கொடுப்பார். எந்த இடத்தில் வயலின், எந்த இடத்தில் குழல் என்று பிரித்து ஒரே பெரிய தாளில் எழுதுவது இவர். அதிலிருந்து ஒவ்வொரு வாத்தியக்காரருக்கும் தனித் தாள் நகலெடுப்பது நான். இருபத்தாறு வருஷமாக இதுதான் எங்கள் குடித்தனம்.

அவருக்கு இன்னொரு வாழ்க்கையும் உண்டு. சனிக்கிழமை சாயங்காலங்களில் ஒரு கிளப்பில் சாக்ஸபோனில் ஜாஸ் வாசிப்பார். போன வருஷம் மேல்வரிசை முன்பற்கள் மூன்று ஆட்டம் கண்டு, பிடுங்கிவிட்டுப் பல்செட் வைத்துக்கொண்டார். அந்த வாத்தியத்தை மேல்பல்லை ஊன்றித்தான் ஊத வேண்டும். புதுப் பல்லில் பிடிமானம் இல்லை. காற்று வாயோரத்தில் கசிந்தது. வாத்தியப் பெட்டியைத் தூக்கி அலமாரி மேல் போட்டுவிட்டு, "அது முடிஞ்சு போச்சு. இனிமே அதப் பத்தி இந்த வீட்ல பேச்சே கூடாது" என்றார்.

முடிந்துபோன மனுஷன் பாத்ரூமில் குழாயைத் திறந்துவிட்டுக்கொண்டு ஊதுவானேன்? வாளி நிரம்பி வழியும். தண்ணீர்ச் சத்தத்தில் எனக்கு ஒன்றும் கேட்காதாம்! இத்தனை வருஷம் குடும்பம் நடத்தியும் என் காதைப் பற்றி அவருக்கு இவ்வளவுதான் தெரிந்திருக்கிறது.

போன மாதம் ஒரு படத்தின் கடைசிக் காட்சிக்கு எழுதிக் கொடுத்தார். ஒருத்தி வீட்டைப் பூட்டி, சாவியைப் பக்கத்து வீட்டில் கொடுத்துவிட்டுப் போகிறாள். அங்கே பதினாறு பார் தனி வாசிப்பு. ஒரு பார் என்றால் நாலு தட்டு. எந்த வாத்தியம் என்ற இடத்தில் "ஓபோ" என்று எழுதியிருந்தார். நாதஸ்வரம் மாதிரி சீவாளி வைத்து ஊதுகிற மேல்நாட்டுக் குழல் அது; அதற்கு வேறு ஆள். நகலெடுக்க உட்கார்ந்தவளுக்கு இரண்டாவது வரியிலேயே சுரீரென்றது. ஒரு சுரத்திலிருந்து அடுத்ததற்குச் சறுக்கி இறங்கும் அந்த வளைவை நான் சனிக்கிழமைதோறும் கேட்டிருக்கிறேன். தனக்காக எழுதிவிட்டு, தலைப்பில் இன்னொருத்தர் வாத்தியத்தைப் போட்டிருக்கிறார். எனக்கு அழுகையும் வந்தது, கோபமும் வந்தது. கோபம்தான் ஜெயித்தது.

ஓபோக்காரருக்குப் போன் போட்டு, அந்த வரிகளை வாயாலேயே பாடிக் காட்டினேன்.

"தம்பி, இத உங்க தாள்ல எழுதாம விட்டுடப் போறேன்."

"அண்ணி, அண்ணன் என்னைத் தொலைச்சுடுவாரு."

"தொலைச்சா என்னைத்தான். உங்களுக்கு வருத்தமா?"

"வருத்தம்தான். இப்படி ஒண்ணு எனக்கு எப்ப வரும்? ஆனா அது யாரு ஊத வேண்டியதுன்னு எனக்கும் காது இருக்கே. விட்டுடுங்க."

ஓபோவின் சுரத்தை அப்படியே கொடுத்தால் சாக்ஸபோனில் வேறு சுரம் கேட்கும். அதனால் சாக்ஸபோனுக்கென்று ஒரு தனித் தாளில் ஒவ்வொன்றையும் ஏற்றி எழுதினேன். அவர் எழுதாத ஒன்றையும் சேர்த்தேன். பாத்ரூம் கதவுக்கு வெளியே நின்று எண்ணியிருக்கிறேன்: மூன்று பார் தாண்டினால் காற்று கசிந்து சத்தம் உடையும். அதனால் மூன்று பாருக்கு ஒருதரம், மூச்சு எடுத்துக்கொள்ளச் சின்னதாக ஒரு கமா போட்டேன். கடைசி நாலு பார் ஒரே மூச்சில் போக வேண்டியது. மனசு கேட்கவில்லை, ஆனாலும் அதன் நடுவிலும் ஒன்று போட்டேன்.

ஒலிப்பதிவு அன்று சாக்ஸபோன் பெட்டியைப் பழைய போர்வையில் சுற்றி எடுத்துப்போய், பின்வரிசையில் காலியாக இருந்த நாற்காலியில், அந்தத் தாளோடு வைத்தேன். அவர் மேடையில் நின்று கை அசைத்தார். அந்த இடம் வந்தது. ஓபோக்காரர் வாத்தியத்தை மடியில் வைத்துக்கொண்டு சும்மா உட்கார்ந்திருந்தார்.

"என்னப்பா, தூங்கறியா?"

"எனக்கு இங்க ஒண்ணும் எழுதலியேண்ணே."

அவர் கண் நேராக என்னிடம் வந்தது. பிறகு நாற்காலிக்குப் போனது. முகம் சிவந்துவிட்டது. நாற்பது பேர் நடுவில் என்னைத் திட்ட முடியாமல் பல்லைக் கடித்தார், அந்தப் புதுப் பல்லை. கண்ணாடி அறையிலிருந்து இசையமைப்பாளர் இறங்கி வந்து, நாற்காலியில் இருந்த பெட்டியைப் பார்த்துவிட்டு, "சார், நீங்க ஊதுங்க, நான் கை காட்டறேன்" என்றார்.

ஊதினார். என் கமா ஒன்றையும் மதிக்கவில்லை. பழைய ஆள் மாதிரி ஒரே மூச்சில் இழுத்தார். ஐந்தாவது பாரில் சத்தம் கிழிந்தது. யாரும் யாரையும் பார்க்கவில்லை. எனக்கு அந்த இடத்திலேயே செத்துப்போகலாம் போலிருந்தது. அவரை இத்தனை பேர் முன்னால் நான்தானே கொண்டுவந்து நிறுத்தினேன்?

"ஓபோவே வெச்சுக்கலாமா சார்?" என்றார் இசையமைப்பாளர், மெதுவாக.

இவர் தாளைக் கண்ணுக்குப் பக்கத்தில் கொண்டுபோய் வெகு நேரம் பார்த்தார்.

"இந்த மூச்சுக் குறியெல்லாம் யார் போட்டது?"

"நான்தான்" என்றேன். "பாத்ரூம் வாசல்ல நின்னு எண்ணினேன். மூணுக்கு மேல உங்களால முடியல."

"ரப்பரக் குடு."

கொடுத்தேன். எல்லாவற்றையும் அழித்துவிட்டு எழுந்து போய்விடுவார் என்றே நினைத்தேன். அவர் கடைசிக் கமாவை மட்டும் தேய்த்து அழித்து, தூசியை ஊதிவிட்டார்.

"நேத்து நாலு தாங்கிச்சு" என்றார் என்னிடம். "நீ கடைக்குப் போயிருந்த."

இரண்டாம் முறை நான் போட்ட இடங்களிலெல்லாம் நின்று மூச்சு எடுத்தார். கடைசி வரி வந்தபோது நான் கண்ணை மூடிக்கொண்டு வாய்க்குள் எண்ண ஆரம்பித்தேன். ஒன்று, இரண்டு, மூன்று. நாலு.