வங்கிச் சுவரில் ஆணி அடிக்கக் கூடாது

வீடு வாங்கிய அன்றே என் மகள் சட்டம் போட்டுவிட்டாள். எந்த அறை இன்னும் வங்கிக்குச் சொந்தமோ, அந்த அறையின் சுவரில் ஆணி அடிக்கக் கூடாது. வண்ணமும் பூசக் கூடாது. இருபது ஆண்டுக் கடன், ஐந்து அறைகள். நான்கு ஆண்டுகள் தவணை கட்டினால் ஓர் அறை நம்முடையதாகும் என்பது அவள் கணக்கு. வங்கி இப்படியொரு நிபந்தனையை விதிக்கவே இல்லையே என்று எடுத்துச் சொன்னேன்.

"அவங்க போடலன்னா என்னப்பா, நான் போடுறேன். அடுத்தவங்க சுவத்துல ஆணி அடிச்சா எனக்குத் தூக்கம் வராது."

பள்ளியில் தமிழாசிரியர் பணியிலிருந்து ஓய்வு பெற்றபோது என் கைக்கு வந்த தொகையை முன்பணமாகக் கொடுத்துவிட்டு, அவர்களோடு வந்து தங்கியிருந்தேன். கடைக்கோடி அறை எனக்கு. மகள் வகுத்த வரிசையில் அதுவே கடைசி. ஆகையால் என் சுவர்க்கடிகாரம் ஒரு முக்காலியின் மேல் சுவரில் சாய்ந்து நின்றது. சட்டைகள் நாற்காலி முதுகில் தொங்கின.

"என் அறைக்கு முறை வருவதற்குள் நானே சுவரில் மாட்டும் படமாகிவிடுவேனம்மா," என்றேன்.

"அப்போ ஆணி ரெடியா இருக்கும்ப்பா."

அவள் பேச்சு எப்போதும் அப்படித்தான். அவளுடைய தாயும் அப்படித்தான் பேசுவாள்.

நான்காம் ஆண்டு முடிந்ததும் சமையலறை 'நம்முடையது' ஆயிற்று. மகள் வெளிர்ப்பச்சை பூசினாள். எட்டாம் ஆண்டு கூடத்துக்கு மஞ்சள். அன்று மாப்பிள்ளை கூடத்தின் சுவரில், தேவை இருக்கிறதோ இல்லையோ, ஏழெட்டு ஆணிகளை ஆசை தீர அடித்தார். படுக்கையறைக்குள் நுழையும்போது மட்டும் வாசலில் நின்று குனிந்து, "மேனேஜர் சார், உள்ள வரலாமா?" என்று கேட்பார். மகள் உள்ளிருந்து, "செருப்பை வெளிய விட்டுட்டு வாய்யா" என்பாள். எட்டு ஆண்டுகளாகக் கேட்டும் எனக்கு அலுக்காத நகைச்சுவை அது.

மாப்பிள்ளைக்கு ஊருக்கு வெளியே இருக்கும் குளிர்பதனக் கிடங்கில் வேலை. உறைந்த மீன், உறைந்த பட்டாணி, இன்னும் என்னென்னவோ உறைந்தவை. பெட்டி பெட்டியாக அடுக்குவதும் எடுத்துக் கொடுப்பதும் அவர் பணி. சென்ற ஆண்டிலிருந்து அவருடைய விரல் நுனிகள் வெளுக்கத் தொடங்கின. வெளுத்தவை நீலமாயின. பிறகு சட்டைப் பொத்தானைப் போடவும் விரல்கள் மறுத்துவிட்டன, மகள்தான் போட்டுவிடுவாள். மருத்துவர் சுற்றி வளைக்கவில்லை. "குளிரை நீங்க விடுங்க. இல்லன்னா விரல் உங்களை விட்டுடும்," என்று சொல்லிவிட்டார்.

வேறு வேலை இல்லாமல் இல்லை. கடைத்தெருவில் இரும்புச் சாமான் விற்கும் முதலாளி ஒருவர், தம் கடையில் ரசீது போடும் வேலைக்கு மாப்பிள்ளையைக் கூப்பிட்டிருந்தார். நாள் முழுதும் வெதுவெதுப்பான இடம். சம்பளம் மட்டும் பாதிக்கும் கீழே. தவணை என்ற ஒன்று இல்லாவிட்டால் அந்தச் சம்பளத்தில், மகள் தைத்துக் கொடுக்கும் திரைச்சீலைகளின் வருவாயையும் சேர்த்து, மூவரும் வாழ்ந்துவிடலாம்.

ஆகவே வீட்டை விற்பது என்று முடிவு செய்தோம். பின்புறம் மேம்பாலம் வந்ததிலிருந்து விலை ஏறவில்லை. ஆயினும் எதிர்வீட்டு மருந்துக்கடைக்காரர், நாங்கள் வாங்கிய விலைக்கே எடுத்துக்கொள்வதாகச் சொன்னார். இருபதில் எட்டு ஆண்டு கட்டியாயிற்று. கடனில் ஐந்தில் இரண்டு பங்கு தீர்ந்திருக்கும். அதோடு என் முன்பணம். இரண்டையும் கூட்டினால், வீட்டு விலையில் பாதி எங்கள் கையில் நிற்கும். அந்தப் பாதிக்கு ஓர் ஒற்றைப் படுக்கையறைக் குடியிருப்பை மகள் பார்த்தும் வைத்துவிட்டாள். ஒரு காசு கடனில்லாமல் வாங்கிவிடலாம். முதல் நாளே எல்லாச் சுவரிலும் ஆணி அடிக்கலாம்.

மாப்பிள்ளை அந்த மகிழ்ச்சியில் ஒரு காரியம் செய்தார். கிடங்கிற்கு உள்ளே போட்டுக்கொள்ளும் கனத்த பஞ்சுச் சட்டை அவருடைய சொந்தப் பணத்தில் வாங்கியது. மிச்சமிருந்த விடுப்பை எடுத்துக்கொண்டு, அதைக் கிடங்கின் காவலாளிக்குக் கொடுத்துவிட்டார். காவலாளி குட்டை மனிதர். கை விரல்களை மூடிக்கொண்டு சட்டை தொங்கிற்று. மகளே அதை வாங்கி வந்து, சட்டையின் இரு கைகளையும் கத்தரித்து, மடித்துத் தைத்து அனுப்பினாள். தைக்கும்போது முணுமுணுப்பாகப் பாடிக்கொண்டிருந்தாள். கத்தரித்த துண்டுகளைக் குப்பையில் போட்டுவிட்டாள்.

அதற்கு மறுநாள்தான் வங்கிக்குப் போனோம்.

கடன் பிரிவில் ஓர் இளம்பெண் அதிகாரி. மேசைக்கு முன் இரண்டே நாற்காலிகள். மாப்பிள்ளை கைகளைக் காற்சட்டைப் பைகளுக்குள் வைத்துக்கொண்டு நின்றார். கடனை முடிக்க எவ்வளவு கட்ட வேண்டும் என்று மகள் கேட்டாள். அதிகாரி கணினியில் தட்டிவிட்டு, எங்களை ஒருமுறை பார்த்தாள்.

"நீங்க வாங்கின கடனை நூறுன்னு வச்சுக்கோங்க. இன்னிக்கு முடிக்கணும்னா எண்பத்தாறு கட்டணும்."

"அறுபதுங்க," என்று மகள் திருத்தினாள். "எட்டு வருஷம், ஒரு மாசம்கூட நிக்காம கட்டியிருக்கோம்."

"ஆமாங்க, ஒரு நாள்கூடத் தாமதம் இல்ல. இதுவரைக்கும் நீங்க கட்டினதும் எண்பத்தாறுதான்."

அவள் இரண்டையும் மாற்றிப் படிக்கிறாள் என்று எண்ணினேன். "கட்டியது வேறு, கட்ட வேண்டியது வேறு அல்லவா அம்மா? திரும்பவும் பாருங்கள்," என்றேன்.

"பாத்துட்டேன் ஐயா. உங்க கணக்குல ரெண்டும் ஒண்ணா வந்து நிக்குது, அவ்வளவுதான். ஒவ்வொரு மாசமும் நீங்க கட்டுற தவணையில முதல்ல வட்டியை எடுத்துக்குவோம். மிச்சம்தான் அசலுக்குப் போகும். ஆரம்பத்துல அசல் பெருசு, அதனால வட்டியும் பெருசு. அசல் குறையக் குறைய வட்டி குறையும். கடைசி வருஷங்கள்லதான் அசல் மளமளன்னு இறங்கும்."

"கல்யாணப் பந்தி மாதிரி," என்றாள் மகள். "வட்டி முதல் பந்தியில உக்காந்து மூக்கு முட்டச் சாப்பிட்டுட்டு எந்திரிக்கும். அசலுக்குக் கடைசிப் பந்தி. பாத்திரத்தைச் சுரண்டிப் போடுவீங்க. அப்படித்தானே?"

அதிகாரிக்குச் சிரிப்பு வந்தது; வந்த வேகத்திலேயே மறைந்தது. "அதோட, ஆறு வருஷத்துக்கு முன்னாடி வட்டி விகிதம் ஒரு சதவீதம் ஏறிச்சு. தவணையை ஏத்தினா உங்களுக்குச் சிரமம்னு, தவணையை அப்படியே வச்சுட்டு காலத்தை நீட்டிட்டோம். மெசேஜ் அனுப்பியிருக்கோம்."

"தெரியும்," என்றார் மாப்பிள்ளை, முதன்முறையாக வாயைத் திறந்து. "தவணை ஏறலன்னு அன்னிக்குக் குடும்பத்தோட சினிமாவுக்குப் போனோம்."

அதிகாரி அந்தச் செய்தியைத் திரையில் காட்டினாள். 'தங்கள் மாதத் தவணையில் எவ்வித மாற்றமும் இல்லை. கடன் காலம் அதற்கேற்ப அமையும்.' நான் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு எழுத்து எழுத்தாகப் படித்தேன். ஓர் ஒற்றுப் பிழையேனும் கிடைத்திருந்தால் வங்கியே அதிரக் கத்தியிருப்பேன். கிடைக்கவில்லை. குற்றம் சொல்ல முடியாத இரண்டு வாக்கியங்கள். அவற்றுள் இரண்டாவது எங்கள் வாழ்வில் நான்கு ஆண்டுகளை விழுங்கிவிட்டு வாயைத் துடைத்துக்கொண்டு நின்றது.

"அப்போ இன்னும் பன்னெண்டு வருஷம் இல்லையா?" என்றாள் மகள்.

"பதினாறுங்க."

"இவருக்கு இப்ப நாப்பத்தாறு. கம்பெனியில அம்பத்தெட்டுல வீட்டுக்கு அனுப்பிடுவாங்க."

நான் கேட்டேன்: "கடைசித் தவணை கட்டி முடிக்கும் நாளில், நூறுக்கு மொத்தம் எவ்வளவு கட்டியிருப்போம்?"

"ஏறக்குறைய இருநூத்தி அறுபது."

அஃதாவது, ஒரு வீட்டில் குடியிருந்துகொண்டு இரண்டரை வீட்டுக்கு விலை கொடுக்கிறோம். வாழ்நாளெல்லாம் பிள்ளைகளுக்கு நான் திருத்தமாக எழுதக் கற்பித்தேன். கையெழுத்துப் போடும் முன் இதைக் கேள் என்று எவரும் எவருக்கும் கற்பிக்கவில்லையே என்று எனக்கு ஆத்திரம் ஆத்திரமாக வந்தது. அந்த ஆத்திரத்தை எவர்மீது இறக்குவது? எதிரே இருந்தவள் என் கடைசி வகுப்புப் பிள்ளைகளின் வயதினள்.

மாப்பிள்ளை, சின்ன வீட்டுக்குப் புதிதாகக் கொஞ்சம் கடன் கிடைக்குமா என்று கேட்டார். இரும்புக்கடைச் சம்பளத்தைச் சொன்னதும் அதிகாரி தலையசைத்துவிட்டாள். "அந்தச் சம்பளத்துக்கு வராது சார். இந்தக் கடனையே, முடிஞ்சா மாசம் கொஞ்சம் கூடக் கட்டுங்க. கூடக் கட்டுறது அப்படியே அசலுக்குப் போகும். காலம் நல்லாக் குறையும். முதல் வருஷங்கள்லயே கட்டியிருந்தா இன்னும் குறைஞ்சிருக்கும்."

"கூடக் கட்டறதுக்குக் கூடச் சம்பாதிக்கணும். கூடச் சம்பாதிக்க அந்தக் குளிருக்குள்ளயே ஓவர்டைம் பாக்கணும்," என்றார் மாப்பிள்ளை. கோபமே இல்லாமல்தான் சொன்னார்.

எழுந்தபோது அந்தப் பெண் தாழ்ந்த குரலில் என்னிடம், "எனக்கும் வீட்டுக்கடன்தான் ஐயா," என்றாள். "இதெல்லாம் தெரிஞ்சுதான் வாங்கினேன். தெரிஞ்சு என்ன பண்றது?"

வீட்டை விற்றால் என் முன்பணமும் அதற்குமேல் கொஞ்சமும் மிஞ்சும். தரகும் பத்திரச் செலவும் போனால் அந்தக் கொஞ்சமும் கரையும். அந்தத் தொகைக்கு எங்கும் கதவு வைத்த வீடு கிடைக்காது. வாடகைக்குப் போகலாமென்றால், இரும்புக்கடைச் சம்பளத்தில் பெரும்பகுதியை வாடகையே கொண்டுபோய்விடும். வழி நெடுக மூவரும் தனித்தனியே இதே கணக்கைப் போட்டுக்கொண்டு நடந்தோம் என்று நினைக்கிறேன். ஒருவருக்கும் வேறு விடை வந்ததாகத் தெரியவில்லை.

வீட்டுக்கு வந்ததும் மகள் நேரே சமையலறைக்குள் போய் நடுவில் நின்றாள்.

"அப்பா, நூத்துல பதினாலுன்னா அஞ்சு அறையில எவ்வளவு?"

"ஓர் அறைகூட இல்லையம்மா. ஏறக்குறைய முக்கால்வாசி. அதற்கும் சற்றுக் குறைவு."

அவள் பாத்திரம் கழுவும் தொட்டியிலிருந்து அடி வைத்து நடந்தாள். அலமாரியைத் தாண்டி, அடுப்புக்கு ஒரு சாண் முன்னால் நின்றுவிட்டாள். "அப்போ தொட்டி நம்மளுது. அடுப்பு பேங்குது."

"கேஸுக்கும் அவங்களையே காசு கொடுக்கச் சொல்லு," என்றார் மாப்பிள்ளை வாசற்படியில் நின்றபடி.

அவள் சிரித்தாள். சிரித்துக்கொண்டே இருந்தாள். அது சிரிப்பில்லை என்று தெரிந்ததும் மாப்பிள்ளை உள்ளே போனார். நான் என் அறைக்கு வந்துவிட்டேன். வங்கித் தலைமைக்குப் புகார் எழுதத் தாளை எடுத்தேன். ஏமாற்றிவிட்டீர்கள் என்று எழுத முடியவில்லை. பத்திரத்தின் ஒவ்வொரு பக்கத்திலும் எங்கள் கையெழுத்து இருக்கிறது. தாளைத் திரும்ப உள்ளே வைத்தேன்.

இரண்டு நாள் கழித்து மாப்பிள்ளை காவலாளியிடமிருந்து அந்தப் பஞ்சுச் சட்டையைத் திரும்ப வாங்கி வந்தார்.

"எப்படிக் கேட்டீங்க?" என்றாள் மகள்.

"கேக்கவே இல்ல. போய் அவர் முன்னாடி நின்னேன். அவரே கழட்டிட்டாரு. 'ரெண்டு நாள்தான் போட்டேன், சூடு இன்னும் உள்ளயேதான் இருக்கும், எடுத்துக்கங்க'ன்னாரு."

போட்டுப் பார்த்தார். மணிக்கட்டுக்கு மேல் நான்கு விரற்கடை வெறுங்கை தெரிந்தது. மகள் அதையே பார்த்துக்கொண்டிருந்தாள். கத்தரித்த துண்டுகள் குப்பையோடு போய்விட்டன. புதுச் சட்டை வாங்கலாம் என்று எவரும் சொல்லவில்லை. யாருக்கோ தைத்துக்கொண்டிருந்த திரைச்சீலையில் மிஞ்சிய கெட்டித் துணியை எடுத்து, உள்ளே பழைய கம்பளியை வைத்து, இரு கைகளுக்கும் ஒட்டுப் போட்டாள். ஊதா நிறத்தில் பெரிய பெரிய பூக்கள்.

மறுநாள் காலை கூடத்தில், ஆணிகள் நிறைந்த அந்த மஞ்சள் சுவருக்கு முன்னால், அவர் கைகளை நீட்டிக்கொண்டு நின்றார். மகள் கழுத்து வரை இழுத்து மூடினாள்.

"ஃப்ரீஸருக்குள்ள பூந்தோட்டம் வந்திருச்சும்பானுங்க," என்றார்.

"சொல்லட்டும். கையுறையைக் கழட்டாதீங்க. யாராவது கேட்டாலும் கழட்டிக் காட்டாதீங்க."

"சரி."

"சரின்னு சொல்லிட்டு அங்க போய்க் கழட்டுவீங்க."

"சரிம்மா, கழட்ட மாட்டேன்." என்னைப் பார்த்து, "வரேன் மாமா," என்றார். போய்விட்டார்.

கொஞ்ச நேரத்தில் மகளின் கைப்பேசி ஒலித்தது. இரும்புக்கடை முதலாளி. அவள் எண்ணைப் பார்த்துவிட்டு என்னிடம் நீட்டினாள். "நீங்க பேசுங்கப்பா."

"சார், ஒண்ணாந்தேதி வந்துருவாருல்ல? மேசை, நாற்காலிகூடப் போட்டு வச்சுட்டேன்," என்றார் அவர்.

கொஞ்சம் சிரமமாக இருக்கிறது என்றேன்.

"அதனால என்ன சார்? ஒரு மாசம் பொறுத்துக்கிறேன். நல்ல மனுஷன், அவருக்காகப் பொறுக்கலாம். ஒரு மாசம் போதுமில்ல?"

ஒரு மாதத்தில் என்ன ஆகும் என்று இப்போது எனக்குத் தெரியும். ஒரு தவணை போகும். அதில் ஐந்தில் நான்கு பங்கை வட்டி எடுத்துக்கொள்ளும்.

"வேறு ஆளைப் பார்த்துக்கொள்ளுங்கள் ஐயா," என்றேன்.

கைப்பேசியைத் திருப்பிக் கொடுக்கப் போனபோது மகள் தையல் இயந்திரத்தில் உட்கார்ந்திருந்தாள். தலை நிமிராமல் கையை மட்டும் நீட்டினாள்.