புள்ளியைக் கீழே இழுத்தவர்கள்

நிலக்கோட்டைப் பூ மார்க்கெட்டில் இருபது வருடமாக மல்லிகை ஏலம் கூவுகிற அந்தோணிராஜுக்குத் தன் தொண்டைமேல் அபார நம்பிக்கை. ஞாயிற்றுக்கிழமை கோயிலில், பாடகர் குழுவின் முன்வரிசையில் நின்று அதே தொண்டையால்தான் பாடுவான். ஈஸ்டர் பூசையில் தனிப்பாட்டு யாருக்கு என்று தகராறு வந்தபோது, "சனங்களே சொல்லட்டும்" என்று மார்தட்டியதும் அவன்தான்.

கீபோர்டு வாசிக்கும் தமிழ்மதி கம்ப்யூட்டர் படித்தவள். குழுவில் பாடும் ஆறு பேர் குரலையும் தனித்தனியாகப் பதிந்து ஒரு இணையப் பக்கத்தில் ஏற்றினாள். ஆளுக்கொரு கோடு, கோட்டில் ஒரு புள்ளி. கேட்பவர் புள்ளியை ஏற்றினால் அந்தக் குரல் கூடும், இறக்கினால் குறையும். சனங்கள் யாரை அதிகம் ஏற்றுகிறார்களோ, அவருக்கே தனிப்பாட்டு.

அந்தோணிராஜ் லிங்க்கை மார்க்கெட் முழுக்க அனுப்பினான். வியாபாரி, வேன் டிரைவர், டீக்கடைக்காரர், ஒருவரையும் விடவில்லை. சொந்தக் காசில் சூனியம் வைத்துக்கொள்வது என்பார்களே, அதை இவ்வளவு சுறுசுறுப்பாக யாரும் செய்திருக்க மாட்டார்கள்.

ஒரு வாரம் கழித்துத் தமிழ்மதி தயங்கித் தயங்கிப் போனை நீட்டினாள். அவனுடைய புள்ளி தரையில் கிடந்தது. உச்சியில் யார் என்று பார்க்கக்கூட அவனுக்குத் தோன்றவில்லை.

"நெட்டு சரியில்லையோ?"

"நெட்டு நல்லாத்தாண்ணே இருக்கு."

வீட்டுக்கு வந்து மனைவி மலர்விழியின் போனைப் பிடுங்கிப் பார்த்தான். அதிலும் அவன் பூஜ்யம்.

"நீயுமாடி?"

"நாள்பூரா வீட்ல கேக்குறேன்ல. போன்லயாச்சும் செத்த நேரம் சும்மா இருங்க."

ஆத்திரம் வந்தது, கூடவே அழுகையும். கள்ள ஓட்டு என்று ஃபாதரிடம் முறையிடலாமா என்று யோசித்தான். போவதற்குமுன், தான் இல்லாமல் அந்தப் பாட்டு எவ்வளவு கேவலமாக இருக்கிறது என்று தெரிந்துகொள்ள, தன் புள்ளியைத் தானே கீழே இழுத்துவிட்டுக் கேட்டான்.

கடைசி வரியில் ஒரு மெல்லிய குரல் மேலேறி, ஒரு நொடி நின்று, இறங்கியது. யார் இது? கோட்டுக்குப் பக்கத்தில் பெயர் இருந்தது: வியாகுலம்மாள். பத்து வருடமாக அவன் பக்கத்திலேயே நிற்கிற அக்கா. வாயசைத்துப் பார்த்திருக்கிறான், பாடிக் கேட்டதில்லை. இன்னொரு தடவை போட்டான். அப்புறம் இன்னொரு தடவை. ஃபாதரைப் பார்க்கப் போகவில்லை.

ஈஸ்டர் காலைப் பூசையில், சனங்கள் உச்சிக்கு ஏற்றியிருந்த அக்காதான் தனியாகப் பாடினாள். எல்லோரும் சேர்ந்து பாடும் இடம் வந்தபோது, அந்தோணிராஜ் பின்வரிசையில் நின்று, பிறந்ததிலிருந்து முதல்முறையாகக் குரலை அடக்கிப் பாடினான். பெரிய தியாகி என்று உள்ளுக்குள் ஒரு நினைப்பு, அது மட்டும் அடங்கவில்லை.

பூசை முடிந்ததும் அக்கா நேராக அவனிடம் வந்தாள். முகமெல்லாம் சிரிப்பு.

"அந்தோணி, இன்னைக்குத்தாம்ப்பா என் குரலு எனக்கே கேட்டுச்சு."