நெட்டி சிரித்த இடம்

மதியக் காட்சிக்கு நெட்டி தனியாகத்தான் போனாள். லாஸ் ஏஞ்சல்ஸில் அந்தப் படம் வந்து மூன்று நாளாகியிருந்தது. அவள் புருஷன் ஆர்வில் கட்டிலை விட்டு இறங்காமல் கிடந்து ஏழு வாரம்.

"எந்த எடத்துல சிரிக்கிறாங்கன்னு பாத்துட்டு வா. பொய் சொல்லக் கூடாது," என்று அனுப்பியிருந்தான்.

ஊமைப் படங்களில் விழுவதுதான் ஆர்விலின் பிழைப்பு. கூரையிலிருந்து, ஓடும் டிராமிலிருந்து, சோப்புத் தண்ணீர் ஊற்றிய படிக்கட்டிலிருந்து என்று எட்டு வருஷமாக விழுந்து, தூசியைத் தட்டிக்கொண்டு எழுந்தவன். அன்று ஏணியிலிருந்து சாய்ந்தபோது மெத்தை ஒரு முழம் தள்ளிக் கிடந்தது. வாளியிலிருந்த வெள்ளைப் பெயின்ட் முகத்தில் கொட்டியது. டைரக்டர் கண்ணில் நீர் வரச் சிரித்து, "நிறுத்தாத, கைப்பிடியச் சுத்து, சுத்து," என்று கேமராக்காரரை விரட்டினாராம். நெட்டி அங்கே இல்லை. பலகையில் வைத்துத் தூக்கி வந்தபோதுதான் பார்த்தாள்.

அந்த இடம் வந்தால் கண்ணை மூடிக்கொள்வது என்றுதான் உட்கார்ந்திருந்தாள். ஏணி ஆடத் தொடங்கியதும் முடியவில்லை. ஆர்வில் காற்றில் நீந்தினான். தன் டையைத் தானே பிடித்துத் தன்னை மேலே தூக்கிக்கொள்ளப் பார்த்தான். கொட்டகை அதிர்ந்தது. நெட்டிக்கும் வயிற்றிலிருந்து சிரிப்பு கிளம்பிவிட்டது. கையுறையை வாயில் திணித்தும் அடங்கவில்லை.

"இந்த ஆளால வயிறு வலிக்குது பாரேன்," என்று பக்கத்துப் பெண் அவள் தோளைப் பிடித்துக்கொண்டாள்.

திரையில், வெள்ளை முகத்தில் உதடுகள் மட்டும் அசைந்தன. பியானோ துள்ளிக்கொண்டிருந்தது. அந்த உதடுகளை நெட்டிக்குப் படிக்கத் தெரியும். "நெட்டி, என் காலக் காணோம்" என்றன. மறுபடியும் அதையே சொல்லின. கொட்டகை அதற்குத்தான் அதிகம் சிரித்தது. அவளுக்கும் தன் சிரிப்பை நிறுத்தத் தெரியவில்லை.

வீட்டுக்குள் நுழையும்முன்பே ஆர்வில் கேட்டான். "எங்க சிரிச்சாங்க?"

"விழுந்தப்போ. விழுந்தப்புறம் இன்னும்."

"விழுந்தப்புறமா? நான் ஒண்ணுமே செய்யலையே." தலையை அவள் பக்கம் திருப்பினான். "நீ?"

"சிரிச்சேன்."

அவன் முகம் மலர்ந்துவிட்டது. "எட்டு வருஷமா ஒரு பல்லக் காட்டல, கல்லுளிமங்கி. உன்னையே சிரிக்க வெச்சுட்டேன் பாத்தியா."

அடுத்த முறை அந்த டையில் இன்னும் கொஞ்ச நேரம் தொங்கவேண்டும் என்று கைகளை வீசிக் காட்டத் தொடங்கினான். நெட்டி கால்மாட்டில் உட்கார்ந்து போர்வையை விலக்கினாள். அவன் கால் பெருவிரலை நகத்தால் அழுத்தினாள். இன்னும் அழுத்தினாள். அவன் ஏணியைப் பற்றிச் சொல்லிக்கொண்டே இருந்தான்.