மண்டோர் தர்மா

சட்டைப் பையில் பென்டிரைவை வைத்துக்கொண்டு நான் சுகுமாறன் வீட்டுப் படியேறியபோது உள்ளே டி.வி.யில் காற்பந்து கேமின் புதிய சீசன் ஓடிக்கொண்டிருந்தது. நான் இன்னும் போடாத சீசன். செருப்பைக் கழற்றாமல் வாசலிலேயே நின்று பார்த்தேன். ஆட்டக்காரர்களின் சட்டை மாறியிருந்தது. போன மாதம் கிளப் மாறியவன்கூடச் சரியான கிளப்பில் ஓடிக்கொண்டிருந்தான். சுகு பாயில் சம்மணம் போட்டு உட்கார்ந்திருந்தான். அவன் பக்கத்தில், வழக்கமாக நான் சாய்ந்து உட்காரும் சுவரோரத்தில், ரியான்.

"வாடா தர்மா. ரியான் அப்டேட் போட்டுட்டான்டா. போன்லேர்ந்தே அனுப்பிட்டான். வயர் இல்ல, பென்டிரைவ் இல்ல, ஒண்ணும் இல்ல. பாண்டாய் லா இவன், பெரிய கெட்டிக்காரன்."

"சுசா இல்லண்ணே," என்றான் ரியான், என்னைப் பார்த்துச் சிரித்துக்கொண்டு.

கஷ்டமே இல்லையாம். அந்தக் கஷ்டமில்லாத வேலையைத்தான் நான் இத்தனை வருடமாக ராத்திரி முழித்துச் செய்துகொண்டிருந்தேன். பென்டிரைவ் பையில் ஒரு கல் மாதிரி கனத்தது. அதை வெளியே எடுக்கவில்லை.

ரியான் யாரென்றால், சுகுவின் அடுத்த வீட்டு யாகப்பன் மாமாவின் மருமகன். அவர் மகள் குளோரியாவைக் கட்டிக்கொண்டு லோபாக்கிலிருந்து வந்தவன். நீலாயில் அவர்கள் வாங்கியிருக்கும் வீடு தயாராகும்வரை மாமனார் வீட்டில்தான் இருப்பானாம். வீடு எப்போது தயாராகும் என்று யாகப்பன் மாமாவைப் பார்க்கும்போதெல்லாம் விசாரிக்கிறேன். அவர் என்னை அக்கறையுள்ள பிள்ளை என்று நினைத்துக்கொண்டிருக்கிறார்.

பொறாமைதான். அதற்கு வேறு பெயர் வைத்து என்ன ஆகப்போகிறது? ஆனால் என் பக்கத்தையும் கேட்க வேண்டும். எங்கள் தோட்டம் மந்தின் பட்டணத்திலிருந்து உள்ளே போகும் சாலையில், செம்பனை மரங்களுக்கு நடுவில் மிஞ்சியிருக்கும் ஒரே ஒரு லயம், தோட்டத் தொழிலாளர்களுக்குக் கட்டிய வரிசை வீடுகள். நான் நீலாயில் ஒரு கிடங்கில் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டுகிறேன். சுகு பள்ளிக்கூட பஸ் ஓட்டுகிறான். ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் சாப்பிட்டதும் அவன் வீட்டுப் பாயில் உட்கார்ந்து காற்பந்து கேம் ஆடுவது எங்கள் இரண்டு பேருக்கும் கல்யாணம் ஆவதற்கு முன்பிருந்தே வழக்கம். அவனுடையது பழைய பி.எஸ். த்ரீ கேம் பெட்டி. ஊரில் எல்லாரும் அதற்கு அடுத்ததற்குப் போய், அதற்கும் அடுத்ததற்குப் போய்விட்டார்கள். நாங்கள் அதிலேயே இருந்தோம், ஏனென்றால் அதற்குக் கம்பெனிக்காரன் போட்டிருந்த பூட்டை நான் திறந்துவிட்டிருந்தேன். எந்தக் கேமையும் உள்ளே ஏற்றலாம். புதிய சீசனை யார் யாரோ முகம் தெரியாத ஆட்கள் உட்கார்ந்து செய்து இணையத்தில் போடுகிறார்கள். அதை இறக்கி, நம் கேமுக்குப் பொருந்துகிறதா என்று எண்ணைச் சரிபார்த்து, பழைய அப்டேட்டை அழித்து, புதியதை வரிசை தப்பாமல் போட வேண்டும். வரிசை தப்பினால் ஆட்டக்காரர்கள் முகமில்லாமல் ஓடுவார்கள். அப்டேட் போடுகிற அன்றைக்கு அந்த வீட்டில் எனக்கு மாப்பிள்ளை மரியாதை. சுகுவின் மனைவி குமுதவல்லி வாழைப்பழத்தை மாவில் தோய்த்துச் சுடச்சுட பீசாங் கோரேங் பொரித்துக்கொண்டு வந்து, "அண்ணே, ஆறிடப் போவுது, சாப்புட்டுட்டு பண்ணுங்க," என்பாள். சுகு பக்கத்தில் உட்கார்ந்து, ஆபரேஷன் தியேட்டருக்கு வெளியே நிற்கிறவன் போல என் முகத்தையே பார்த்துக்கொண்டிருப்பான்.

அந்தப் பெட்டிக்கு நான் ஒரு சட்டம் வைத்திருந்தேன். இணையத்தின் பக்கமே அதைக் கொண்டுபோகக் கூடாது. கொண்டுபோனால் பெட்டி தனக்கென்று ஓர் அப்டேட் கேட்கும். அது கேமுக்கான அப்டேட் இல்லை, பெட்டிக்கானது. அதற்கு யெஸ் கொடுத்துவிட்டால் திறந்த பூட்டு மறுபடி விழுந்துவிடும். ஏற்றி வைத்த ஒரு கேமும் திறக்காது. சுகுவின் மாடலில் அதை மறுபடி திறக்கவும் வழியில்லை. இரண்டுக்கும் பெயர் அப்டேட்தான் என்பதால் இந்த வித்தியாசம் சுகுவின் மண்டையில் ஏறவே இல்லை. "அப்டேட்டுன்னு எது கேட்டாலும் நோ குடு, என்னைக் கூப்புடு," என்று மட்டும் சொல்லி வைத்திருந்தேன். அவனும் அப்படியே செய்தான். என்னைக் கூப்பிட்டான்.

இன்னொரு வேலையும் செய்துவைத்திருந்தேன். எங்கள் தோட்டத்து டீமை அந்தக் கேமுக்குள் ஏற்றியிருந்தேன். நிஜ டீம் எப்போதோ கலைந்துவிட்டது. திடலில் வீடமைப்புக்காரன் வேலி போட்டுவிட்டான். கேமில் மட்டும் நாங்கள் பச்சைச் சட்டை போட்டுக்கொண்டு வெளிநாட்டு டீம்களோடு மோதிக்கொண்டிருந்தோம். கோல்கீப்பர் ஷங்கர். பின்னால் தேவன், மணியம். முன்னால் பத்தாம் நம்பர் சுகு. அவனுக்குப் பந்து போட்டுக் கொடுக்கும் எட்டாம் நம்பர் நான். நிஜத்திலும் நான் எட்டுதான்.

"உக்காருங்கண்ணே, ஆடுங்க," என்று ரியான் நகர்ந்து இடம் விட்டு, கன்ட்ரோலரை என் கையில் கொடுத்தான். சுகு வீட்டில் இரண்டு கன்ட்ரோலர். நல்லது அவனுடையது. மற்றதன் குமிழ் தானாகவே இடது பக்கம் இழுக்கும். அது என்னுடையது. அது இழுக்க இழுக்க நான் கட்டைவிரலை வலது பக்கம் தள்ளித் தள்ளி ஆடிப் பழகியிருந்தேன். அன்று முதல் பந்தை உதைத்தேன். கோல் கம்பத்துக்கு வலது பக்கம் எங்கோ போனது. அடுத்ததும் வலது பக்கம். ஆட்டக்காரன் நேராக ஓடச் சொன்னால் கோட்டைத் தாண்டி வெளியே ஓடினான்.

"அதைத் தொறந்து கிளீன் பண்ணிட்டேண்ணே. இனிமே இழுக்காது," என்றான் ரியான்.

நான் தோற்றேன். சாதாரணத் தோல்வி இல்லை. சுகு கண்ணில் தண்ணீர் வரும்வரை சிரித்தான். "நல்ல கன்ட்ரோலர் குடுத்தா இவனுக்கு ஆட வரல பாத்தியா!" என்று ரியானின் தொடையில் தட்டினான். என் தொடையில்தான் தட்டுவான், வழக்கமாக.

மானத்தைக் காப்பாற்றிக்கொள்ள, "நம்ம தோட்டத்து டீமை எடு," என்றேன். சுகு எடுத்தான். பெயர்கள் வரிசையாக வந்தன. பத்து, சுகு. எட்டு, ரியான்.

ஒரு தரம் கண்ணைக் கசக்கிக்கொண்டு பார்த்தேன். எட்டு, ரியான். தோட்டத்து மண்ணில் ஒரு நாள் பந்து உதைக்காதவன். கீழே ரிசர்வ் ஆட்டக்காரர்கள் இருக்கும் பகுதிவரை இறங்கிப் பார்த்தேன். ஷங்கர் பெயரையும் காணவில்லை, ஆனால் அப்போது நான் ஷங்கரையா தேடினேன்?

"எங்கடா தேடறே? மேல பாரு, மேல," என்றான் சுகு. மேலே, டீம் பெயருக்குப் பக்கத்தில், பயிற்சியாளர் இருக்கும் இடத்தில் எழுதியிருந்தது: மண்டோர் தர்மா.

இரண்டு பேரும் சேர்ந்து சிரித்தார்கள். சமையலறையிலிருந்து குமுதவல்லியும் சிரித்தாள். நானும் பல்லைக் காட்டினேன். என் அப்பா முனியாண்டி ரப்பர் தோட்டத்தில் பால் மரம் வெட்டியவர். மண்டோர் என்ற வார்த்தையைச் சொன்னால் எச்சில் துப்பிவிட்டுத்தான் அடுத்த வார்த்தை பேசுவார். வெயிலில் மற்றவன் வேலை செய்ய, நிழலில் நின்று விரட்டுகிறவன் மண்டோர். ஆடுகிறவர்கள் ஆடட்டும், நீ ஓரமாக நின்று கத்து என்று அர்த்தம். குமுதவல்லி பீசாங் கோரேங் தட்டைக் கொண்டுவந்து நடுவில்தான் வைத்தாள். எனக்கு அது ரியானுக்குக் கொஞ்சம் கிட்டே இருப்பதாகப் பட்டது.

கிளம்பி மோட்டார் சைக்கிளை எடுக்கும்போது ரியான் பின்னாலேயே வந்தான். "அண்ணே, வைஃபை ஆன்லயே விட்டிருக்கேன், கேம் அப்டேட்டுக்காக. பெட்டி சிஸ்டம் அப்டேட் கேட்டா மட்டும் நோ குடுக்கணும். சுகு அண்ணனுக்குச் சொன்னா அது அவருக்குப் புரியல. நீங்க இருக்கறீங்கல்ல, பாத்துக்குங்க."

என் சட்டத்தை எனக்கே சொல்லிக்கொடுக்கிறான். "தெரியும்," என்றேன்.

அந்த வாரம் முழுக்கக் கிடங்கில் சாமான் அடுக்கும்போதெல்லாம் மண்டோர் தர்மா, மண்டோர் தர்மா என்று காதில் கேட்டுக்கொண்டே இருந்தது. வீட்டில் சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்ததைப் பார்த்து என் மனைவி ரதி, "என்ன, ஒங்க ஆளு ஒங்களை விட்டுட்டு வேற ஆளு புடிச்சிக்கிட்டாரா?" என்றாள். விளையாட்டாகத்தான் சொன்னாள். நான் தட்டைத் தள்ளிவிட்டு எழுந்துவிட்டேன். அவள் மெதுவாக, "கேம்தானே," என்றாள். கேம்தான். ஆனால் கல்யாணத்துக்குப் பெண் பார்க்கப் போனபோது எனக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தவன் சுகு. என் அப்பாவைத் தூக்கிய நாலு பேரில் ஒருவன். அவனுக்கு என்னால் ஆக வேண்டியது என்று இந்த உலகத்தில் மிச்சமிருந்தது அந்தப் பெட்டி ஒன்றுதான், அதையும் ஒருவன் வந்து கஷ்டமில்லை என்று சொல்லி வாங்கிக்கொண்டான்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை குளோரியாவின் அக்காள் பிள்ளைக்கு சிரம்பானில் ஞானஸ்நானம். ரியான் வீட்டோடு போயிருக்கிறான் என்று தெரிந்துகொண்டுதான் போனேன். சுகு தனியாகப் பாயில் இருந்தான். என் இடம் காலியாக இருந்தது. போய்ச் சாய்ந்துகொண்டேன். இரண்டு பேர் மட்டும், பழைய மாதிரி. எனக்குக் கொஞ்சம் லேசாகக்கூட இருந்தது.

சுகு பெட்டியைப் போட்டான். கேம் வருவதற்கு முன் ஒரு நீலத் திரை வந்து நின்றது. ஆங்கிலத்தில் நாலு வரி. பார்த்தவுடன் எனக்குத் தெரிந்துவிட்டது. பெட்டி தனக்குக் கேட்கிறது.

சுகு நாலு வரியையும் படிக்கவில்லை. ஒரு வார்த்தையைத்தான் படித்தான். "தே, மறுபடியும் அப்டேட். முன்ன நீ நோ குடுக்கச் சொல்லுவே. ரியான் வந்தப்புறம் யெஸ்." கட்டைவிரலைப் பொத்தான்மேல் வைத்துக்கொண்டு, என் பக்கம் திரும்பாமலே, "யெஸ்தானே?" என்றான்.

அவன் திரும்பிப் பார்த்திருந்தால் வேறு மாதிரி ஆகியிருக்கலாம். அவன் பார்க்கவில்லை. ரியான் வந்தப்புறம் என்றான், அது மட்டும்தான் என் காதில் நின்றது. கெட்டுப்போகட்டும், ரியான் வைஃபையை ஆன் செய்து வைத்ததால் கெட்டது என்று ஊரே சொல்லட்டும், அவன் முகத்தை அப்போது பார்க்க வேண்டும் என்று நினைத்தேன். நினைத்தபோது சந்தோஷமாகத்தான் இருந்தது.

"ம்," என்றேன்.

பெட்டி விடவில்லை. இன்னொரு திரையைக் காட்டி, ஒப்புக்கொள்கிறாயா என்று மறுபடி கேட்டது. சுகு கையை எடுத்துவிட்டு என்னைப் பார்த்தான். இப்போது பார்த்தான். "என்னடா, ரெண்டு தரம் கேக்குது?"

"குடு," என்றேன்.

கொடுத்தான். திரையில் ஒரு வெள்ளைப் பட்டை தோன்றி, இடது ஓரத்திலிருந்து நகரத் தொடங்கியது. நடுவில் அணைக்கக் கூடாது என்று கீழே எழுதியிருந்தது. அணைத்தால் பெட்டியே செத்துவிடும், அதுவும் எனக்குத் தெரியும்.

சுகு கன்ட்ரோலரைப் பாயில் வைத்துவிட்டுக் கையை நீட்டிச் சோம்பல் முறித்தான். "ரதி குமுதாவுக்குப் போன் பண்ணுச்சு. வீட்ல சோறு எறங்கலயாமே ஒனக்கு. எட்டாம் நம்பர எடுத்துட்டேன்னு கோவமாடா?"

"எனக்கென்ன கோவம்."

"மூஞ்சியப் பாத்தாலே தெரியுது. ரியான திட்டாத. அவன் வேணான்னுதான் சொன்னான். அண்ணன் எட்டுலயே இருக்கட்டும்னான். நான்தான் மாத்தச் சொன்னேன்." அவன் குரலைத் தாழ்த்தினான். சமையலறையில் குமுதவல்லிக்குக் கேட்டுவிடக் கூடாது என்பதுபோல. "இந்த லீக்ல சீசனுக்கு சீசன் நமக்கு வயசு ஏறுது, நீ பாத்தியா இல்லியா? ஷங்கர் போன சீசனோட ரிட்டயர். பேரே இல்ல, போயிட்டான். அடுத்தது நீயும் நானும்தான். கோச்சுக்கு மட்டும் வயசே ஏறாதுடா. எத்தன அப்டேட் போட்டாலும் அங்கியே நிப்பான். அதான் ஒன்னத் தூக்கி அங்க வச்சேன்."

பட்டை பாதியைத் தாண்டியிருந்தது.

"மண்டோர்னு ஏன்டா போட்டே?" என்றேன்.

"பின்ன? நோ குடு, அதத் தொடாத, பென்டிரைவ புடுங்காதன்னு இத்தன வருசமா எங்கள வெரட்டறது யாரு? ஒங்கப்பாவா?" என்று என் தொடையில் ஓங்கித் தட்டினான். "மொகம் நான் பண்ணதுடா. ஒரு சாயங்காலம் பூரா உக்காந்தேன். தலைமுடி, மீசையெல்லாம் வந்துருச்சு. மூக்குதான் ஒன்ன மாதிரி வரல. அன்னிக்கு காட்டறதுக்குள்ள நீ கெளம்பிட்டே. இது முடியட்டும், நீயே பாத்து சொல்லு. சரி பண்ணிக்கலாம்."

நான் கன்ட்ரோலரைக் கையில் எடுத்தேன். குமிழை எல்லாப் பக்கமும் தள்ளிப் பார்த்தேன். அது எந்தப் பக்கமும் இழுக்கவில்லை. சமையலறையிலிருந்து எண்ணெய் காயும் வாசனை வந்தது. "அண்ணே, ஆறிடப் போவுது, சாப்புட்டுட்டு ஆடுங்க," என்று குமுதவல்லி தட்டை என் முன்னால் வைத்துவிட்டுப் போனாள்.

பட்டை நிறைந்தது. திரை ஒரேயடியாக இருண்டது. அந்தக் கறுப்புக் கண்ணாடியில் பாயில் உட்கார்ந்திருக்கும் நாங்கள் இரண்டு பேரும் தெரிந்தோம். சுகு கன்ட்ரோலரை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு முன்னால் குனிந்தான்.

"வரும் லா," என்றான். "பாரு, மொதல்ல நீதான் வருவே."