நாற்காலியில் நாற்பது நிமிடம்

அதுவரை ஓடி முடித்தவர்களில் வேகமானவனை உட்காரவைக்க, முடிவுக்கோட்டருகே ஒரு நாற்காலி போட்டிருப்பார்கள். எதிரே கேமரா. இன்னொருவன் நம் நேரத்தை முறியடிக்கும்வரை திரையில் நம் முகம்தான். பனிச்சறுக்குப் போட்டியில் ஒவ்வொருவராகத்தான் விடுவார்கள்; பெரிய ஆட்கள் கடைசியில் புறப்படுவார்கள், என்னைப் போன்ற சில்லறைகள் முதலில். அதனால் வருடத்துக்கு நாலு தடவை எனக்கும் மூன்று நிமிடம் அந்த நாற்காலி கிடைக்கும். சறுக்குப் பலகையின் கம்பெனிப் பெயர் தெரியும்படி நிமிர்த்திப் பிடித்து, மூக்கைத் துடைத்துவிட்டுக் கையசைப்பேன். எங்கள் குழுவில் பலகைக்கு மெழுகு தேய்க்கும் ஸ்வெர்ரே என்னை நாற்காலி என்றே கூப்பிடுகிறான்.

கையசைப்பது என் மகள் டீரிலுக்கு. ஏழு வயது. அவள் அம்மா இங்வில் என்னைப் பிரிந்து வடக்கே போடோ நகரத்துக்குப் போய் மூன்று வருடமாகிறது. இருநூறு நாள் பனியில் கிடப்பவனோடு யார் குடித்தனம் நடத்துவார்கள்? கோபமில்லை என்று சொல்லமாட்டேன், இருக்கிறது. மகள் என்னைப் பார்ப்பது பெரும்பாலும் திரையில்தான். ஒரு நாளாவது அவள் என்னைக் கண் நிறையப் பார்க்க வேண்டும் என்ற ஆசைதான் முப்பத்து நான்கு வயதிலும் என்னை ஓடவைத்தது.

போன ஞாயிறு லில்லேஹாமரில் அது நடந்தது. நான் முடித்த கையோடு பனி கொட்டத் தொடங்கியது. பின்னால் வந்த பெரிய ஆட்களெல்லாம் தடம் தெரியாமல் திணறினார்கள். பத்து நிமிடம் போயிற்று, இருபது போயிற்று. யாரோ எனக்குக் கம்பளி போர்த்தினார்கள்.

"டேய் நாற்காலி, இன்னைக்கு அதையும் தூக்கிட்டுத்தான் வீட்டுக்குப் போவே போல," என்றான் ஸ்வெர்ரே, வேலிக்கு அப்பாலிருந்து.

கேமரா திரும்பும்போதெல்லாம் கையசைத்தேன். டீரிலுக்குப் பிடிக்குமே என்று முயல் மாதிரி மூக்கைச் சுருக்கினேன். வெட்கமாகவே இல்லை.

கடைசியில் ஒரு ஸ்வீடன்காரன் நாலு நொடி வித்தியாசத்தில் என்னை எழுப்பினான். இரண்டாம் இடம். மேடை, பூங்கொத்து, பேட்டி, ஊக்கமருந்துச் சோதனை எல்லாம் முடிந்து, உடை மாற்றும் குடிலில் போனைக் கையில் எடுக்க இரண்டு மணி நேரமாயிற்று.

இங்வில்தான் எடுத்தாள். மனதார வாழ்த்தினாள். டீரில் எங்கே என்றேன். தோழியின் பிறந்தநாளுக்கு ஆஸ்லாக் கூட்டிப்போயிருக்கிறான், ராத்திரி அங்கேயே தங்குகிறாள் என்றாள். ஆஸ்லாக் இப்போது அவர்களோடு இருப்பவன்.

"என்னைப் பார்த்தாளா?"

"முழுசாப் பார்த்தா. பிறந்தநாளுக்குக் கிளம்பக் கோட்டு மாட்டிக்கிட்டு டிவி முன்னாடியே நின்னா. யாராவது அப்பாவை முந்துங்களேன்னு ஒவ்வொருத்தன் பேரையும் சொல்லிக் கத்தினா."

எனக்குப் புரியவில்லை. ஏன் என்று கேட்டேன்.

"நீ எந்திரிச்சாதானே அவளுக்குப் போன் பண்ணுவே. எப்பவும் மூணு நிமிஷத்துல எந்திரிப்பே, கொஞ்ச நேரத்துல போன் வந்துரும். இன்னைக்கு நீ எந்திரிக்கவே இல்ல. ஆஸ்லாக் கார்ல காத்துக்கிட்டு இருந்தார். அழுதுக்கிட்டேதான் போனா."

வெளியே ஸ்வெர்ரேயும் மற்றவர்களும் எனக்காகப் பாடிக்கொண்டிருந்தார்கள். போக மனமில்லை. என் மகள் என்னோடு பேசுவதற்காக நான் தோற்க வேண்டுமென்று வேண்டியிருக்கிறாள். அது தெரியாமல் நான் நாற்பது நிமிடம் அவளைப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தேன்.